ஓக் மரத்தடியில் சிவப்புக் காளான்

“ஒண்ணு அவன் இங்க இருக்கணும், இல்ல நான் இருக்கணும். இன்னைக்கே ஒரு முடிவு சொல்லிருங்கம்மா.”

கையில் கரண்டியோடு வந்து நின்றார் கோமதிநாயகம். மடத்துச் சமையல் அவர்தான். திருநெல்வேலிப் பக்கம் கல்யாணச் சமையலில் கொடிகட்டிப் பறந்தவர். யாரையும் கூப்பிட்டு உப்புப் பார்க்கச் சொன்னதில்லை என்பதில் அப்படியொரு கர்வம். எல்லாவற்றையும் உதறிவிட்டு வடக்கே இந்த மலைக்கு வந்தார். கர்வம் மட்டும் கூடவே ஏறி வந்துவிட்டது.

அவர் அம்மா என்று கூப்பிட்டவருக்கு அவருடைய மகள் வயதுதான் இருக்கும். ஆனாலும் மடத்துக்குக் குரு அவர்தான்.

“யாரைச் சொல்றீங்க, நாயகம்?”

“வேற யாரு? குற்றாலிங்கம்தான். விறகு பொறுக்க மாட்டான். தண்ணி சுமக்க மாட்டான். தியானத்துல உட்கார வச்சா குறட்டை! சாப்பாட்டு மணி அடிச்சா மட்டும் மொத ஆளு. அதுலயும் ஒவ்வொரு வாய்க்கும் ‘அடடா அண்ணாச்சி, அடடா அண்ணாச்சி’ன்னு சத்தம் வேற. தண்டச்சோறும்மா.”

“அவர்கிட்டச் சொல்லிட்டீங்களா?”

“மூட்டையைக் கட்டச் சொல்லிட்டேன். கோவேறு கழுதைக்காரன் மத்தியானம் கீழே இறங்குறான், அவன்கூட அனுப்பிரலாம். பனி விழுந்துட்டா பாதை அடைஞ்சிரும். நீங்க ‘ம்’னு சொன்னாப் போதும்.”

அம்மா ‘ம்’ சொல்லவில்லை. எழுந்து நடந்தார். கோமதிநாயகமும் பின்னாலேயே போனார்.

மடத்துக்குப் பின்னால் பெரிய ஓக் மரம் ஒன்று உண்டு. அதன் வேரடியில், ஈரச் சருகை விலக்கிக்கொண்டு நின்றது அது.

காளான்தான். ஆனால் என்ன காளான்! உள்ளங்கை அகலத்துக்குத் தொப்பி, குங்குமச் சிவப்பு. தொப்பிக்கு அடியில் நல்ல மஞ்சள். அம்மா அந்த மஞ்சளை ஒரு விரலால் லேசாக அழுத்தினார். அழுத்திய இடம் கண்ணெதிரிலேயே நீலமாக மாறியது.

“ஆத்தாடி!” என்றார் கோமதிநாயகம். வந்த கோபம் போன இடம் தெரியவில்லை. “இத்தனை வருஷத்துல நான் பாத்ததே இல்லையேம்மா.”

“நானே ரெண்டாவது தடவையாத்தான் பாக்கிறேன். ஓக் மரத்தடியை விட்டு வேற எங்கயும் இது வராது.”

“என்ன அழகு! என்ன அழகு!”

“பிடுங்கிப் போட்டுருங்க.”

அவருக்குத் தூக்கிவாரிப் போட்டது. “இதையா?”

“மரம் வெயில்ல நின்னு இலையில சமைக்குது. இது நிழல்ல நின்னு அந்தச் சோத்தைத் திங்குது. சொந்தமா ஒரு இலை கிடையாது, ஒரு வேலை கிடையாது.”

கோமதிநாயகத்துக்கு மரத்தின் மேல் பாசம் பொங்கிவிட்டது. சமைக்கிறவன் பாடு சமைக்கிறவனுக்குத்தானே தெரியும். மனசைக் கல்லாக்கிக்கொண்டு, கரண்டிக் காம்பால் மண்ணைக் கிளறினார்.

கிளறியவர் அப்படியே குந்திவிட்டார்.

காளானின் அடியிலிருந்து வெள்ளை வெள்ளையாக இழைகள். சேமியாவைவிட மெலிசு. மரத்தின் பொடி வேர்களை அவை உறைபோலச் சுற்றியிருந்தன. அங்கிருந்து, வேர் போகாத இடத்துக்கெல்லாம் போயிருந்தன. ஒரு கல்லுக்கு அடியில்கூட நுழைந்திருந்தன. கல்லைப் புரட்டினார். உள்ளே மண் ஈரமாக இருந்தது.

“அம்மா! இது மரத்துக்குத் தண்ணியில்ல கொண்டு வருது!”

“அப்படியா?” என்றார் அம்மா.

கோமதிநாயகம் மண்ணை அள்ளி அள்ளி மூடினார்.

“நாயகம், போன ஆடியில குற்றாலிங்கம் அவரோட அக்காவைப் பாக்க ஊருக்குப் போயிருந்தாரே. அப்ப என்ன சமைச்சீங்க?”

“என்னத்தைச் சமைச்சேன். கஞ்சிதான்.”

“மாசம் பூராவுமா?”

“ஆமா. நீங்க எதைப் போட்டாலும் கண்ணை மூடிக்கிட்டுச் சாப்பிடுவீங்க. மத்தவங்க எல்லாம் மௌன விரதம். யாருக்குன்னு நான் மிளகு வறுத்து, புளி கரைச்சு…”

பாதியில் நிறுத்திவிட்டு, மூடிய மண்ணைக் கையால் தட்டிக் கெட்டிப்படுத்தினார்.

கீழே கழுதையின் கழுத்துமணி கேட்டது. குற்றாலிங்கம் மூட்டையும் கையுமாக வந்து நின்றான். கண் கலங்கியிருந்தது.

“கிளம்புறேன் அண்ணாச்சி. இத்தனை வருஷம் வயிறாரப் போட்டீங்க. உங்க கை ரசத்துக்கு நான் இனி எங்க போவேன்?”

கோமதிநாயகம் அம்மாவைப் பார்த்தார். அம்மா காளானைப் பார்த்துக்கொண்டிருந்தார்.

கரண்டியில் ஒட்டியிருந்த மண்ணை வேட்டியில் துடைத்துக்கொண்டு எழுந்தார் கோமதிநாயகம்.

“மூட்டையைக் கீழ வைலே,” என்றார். “அடுப்புல ரசம் இருக்கு. வந்து உப்புப் பார்த்துச் சொல்லு.”