ஒரே யானை, மூன்று வழக்கு

சொல்கிறேன், கேளுங்கள். கணக்குத் தப்பினால் திருத்துங்கள். நம் தாத்தாவின் தாத்தா பிறப்பதற்கும் முன்னால், ஆற்றங்கரையில் வெண்குன்றூர் என்று ஓர் ஊர் இருந்தது. அந்த ஊரில் ஏறன் என்று ஒரு யானை வைத்தியர் இருந்தார். கைராசிக்காரர். பிடிவாதக்காரரும்கூட.

ஒரு சமயம் காவன் செட்டியாரின் யானை காலில் புண் வந்து படுத்துவிட்டது.

"அடுத்த மாதப் பௌர்ணமிக்குள் யானை எழுந்து ஆற்றுக்கு நடந்தால் ஐம்பது கலம் நெல். நடக்காவிட்டால் ஒன்றும் கிடையாது" என்றார் செட்டியார். வைத்தியர் சம்மதித்தார். நாற்பத்தொரு நாள் பச்சிலை அரைத்துக் கட்டினார். பௌர்ணமி வந்தது, போயிற்று. மறுநாள் காலையில்தான் யானை எழுந்தது.

செட்டியார் நெல் அளக்கவில்லை. வைத்தியர் ஊர்ச்சபைக்குப் போனார்.

சபையில் ஐந்து நடுவர்கள். இரு பக்கமும் கேட்டார்கள். ஓலையில் எழுதுவதற்கு முன் மூத்த நடுவர் மூன்று முறை கேட்டார்: "சொல்ல இன்னும் மிச்சம் உண்டா?"

மூன்று முறையும் வைத்தியர், "இல்லை" என்றார்.

"பேசிய பேச்சுப்படி கூலி இல்லை" என்று தீர்ப்பாயிற்று.

வைத்தியருக்கு மனம் ஆறவில்லை. ஆறு மாதம் கழித்து மறுபடியும் சபைக்கு வந்தார்.

"கூலி கேட்கவில்லை ஐயா. மருந்துச் செலவுதான் கேட்கிறேன்."

"எந்த யானைக்குப் போட்ட மருந்து?"

"அதே யானைதான்."

"யானை ஒன்று, வழக்கு ஒன்று, தீர்ப்பு ஒன்று. போய் வாரும்."

வாசலில் செட்டியார் நின்றிருந்தார். "என்ன வைத்தியரே, யானைப் புண்ணே ஆறிவிட்டது. உம் புண் இன்னும் ஆறவில்லையா?"

அந்தப் பேச்சு வைத்தியரை ஒரு வருஷம் குடைந்தது. மூன்றாம் முறையும் வந்தார்.

"கூலியும் வேண்டாம், மருந்துச் செலவும் வேண்டாம். நாற்பத்தொரு இரவு அந்த யானையோடு விழித்திருந்தேன். என் தூக்கத்துக்கு விலை சொல்லுங்கள்!"

சபை சிரித்தது. மூத்த நடுவர் சிரிக்கவில்லை.

"அன்றைய தீர்ப்பு தப்பு என்கிறீரா?"

"தப்புதான்."

"இருக்கலாம். நாங்களும் மனிதர்கள்தானே. உம் ஓலையை எடுத்துவிடலாம்."

உள்ளேயிருந்து இரண்டு பேர் ஓர் ஓலைக்கட்டைத் தூக்கி வந்தார்கள். அந்த ஊர்த் தீர்ப்பெல்லாம் ஒன்றன்மேல் ஒன்றாக ஒரே கயிற்றில் கோத்திருந்தது. உச்சியில் ஒரே முடிச்சு.

"இதில் முந்நூற்றுப் பன்னிரண்டு ஓலை இருக்கிறது. உம்முடையது இருநூற்றுத் தொண்ணூற்றிரண்டாவது. அதன்மேல் இருபது. அந்த இருபதும் கழன்றால்தான் உம்முடையது வரும். கயிற்றை விட்டுக் கழன்ற ஓலை தீர்ப்பாகாது. அவர்களும் புதிதாக வழக்காட வேண்டியதுதான். ஆகவே அவர்களையும் வரச் சொல்வோம். பிறகு நீரே அவிழும்."

பறை அறைந்தார்கள். இருபது வழக்கிலும் வென்றவர்கள் வந்தார்கள், தோற்றவர்களும் வந்தார்கள். வாய்க்கால் தண்ணீருக்காக அரிவாள் எடுத்த அண்ணனும் தம்பியும் ஒரே ஏரிலிருந்து சேற்றுக்காலோடு வந்தார்கள். மண் எடுக்கும் குழி தனக்கென்று தீர்ப்பு வாங்கிய குயத்தி வந்தாள். செய்தி இன்னதென்று கேட்டதும் வென்றவர்கள் முகம் வெளுத்தது. தோற்றவர்கள் முகத்தில் மெல்ல ஒரு வெளிச்சம் வந்தது. அண்ணனை விட்டுத் தம்பி ஓரடி தள்ளி நின்றான்.

பன்னிரண்டாவதாக வந்தவள் வைத்தியரின் சொந்த மகள் பூவணி. கணவனை இழந்தவள். இடுப்பில் குழந்தை. அவள் குடியிருந்த வீட்டைக் கொழுந்தன் கேட்டு வழக்காடியபோது, வீடு அவளுக்கே என்று இந்தச் சபைதான் சொன்னது. இப்போது அந்தக் கொழுந்தன் அவளுக்குப் பின்னால் நின்று தோள் துண்டை உதறிப் போட்டுக்கொண்டான்.

"அப்பா, வீட்டுச் சாவியைக் கையோடு கொண்டுவந்துவிட்டேன். யாரிடம் கொடுக்கட்டும்?" என்றாள் பூவணி.

வைத்தியர் கயிற்றைப் பார்த்தார். சுண்டுவிரல் தடிமன்கூட இல்லாத பனைநார்க் கயிறு. அதில் வயல்கள் தொங்கின, வீடுகள் தொங்கின, இடுப்பிலிருந்த குழந்தையும் தொங்கியது. அதற்குக் காவலாக ஒரு வாள் இல்லை, ஒரு பூட்டு இல்லை. எத்தனையோ தலைமுறையாக எத்தனையோ பேர் தோற்றிருக்கிறார்கள். ஒருவர்கூட அதைத் தொடவில்லை. அதனால் மட்டுமே ஊர் நின்றது. வைத்தியர் மலையடியில் நின்று அண்ணாந்து பார்ப்பவரைப்போல் நின்றார். இரண்டு கையும் தானாகக் குவிந்தன.

"ஐயா, முடிச்சு கொஞ்சம் இளகியிருக்கிறது" என்றார் கடைசியில்.

"அப்படியா? நீரே இறுக்கும்" என்றார் மூத்த நடுவர்.

வைத்தியர் முடிச்சை ஒரு சுற்று இறுக்கினார். சொல்லாமலே இன்னொரு சுற்றும் இறுக்கினார். அந்த ஐம்பது கலம் நெல் அவருக்குக் கடைசிவரை கிடைக்கவில்லை. மகளை அவள் வீட்டுக்குக் கூட்டிப்போய், கதவைத் திறந்துவிட்டுத்தான் தம் வீட்டுக்குத் திரும்பினார்.

தனக்கு எதிரான தீர்ப்பையும் முடிந்ததென்று ஏற்றுக்கொள்கிற ஊரில்தான் தனக்குச் சாதகமான தீர்ப்பும் நிலைக்கும்.