ரயிலைத் தவறவிட்ட மாயாவி

ரயில் எஞ்சினுக்கும் பேசத் தெரிந்திருந்த காலம் அது, கேளுங்கள். பெரிய பாலைவனத்தின் நடுவே சுடர்ப்பாலை என்று ஓர் ஊர். ரயிலுக்காகவே உண்டான ஊர். ஒரு தண்ணீர்த் தொட்டி, ஓர் எஞ்சின் கொட்டகை, ஸ்டேஷனைச் சுற்றி முந்நூறு வீடு.

ஒருநாள் காலை ரயில் புறப்பட்டுவிட்டது. அனலேந்தி என்ற மாயாவி மூட்டையும் கையுமாக ஓடிவந்தான். "நிறுத்துங்க! நிறுத்துங்க! நிறுத்துங்க!" என்று மூன்று தரம் கத்தினான். மாயாவிதானே, பறந்து போகக்கூடாதா என்று கேட்பீர்கள். அந்த ஊர் மணலைத் தாண்டினால் அவன் மந்திரம் பலிக்காது.

ஸ்டேஷன் மாஸ்டர் பச்சைக் கொடியை ஆட்டிக்கொண்டே சிரித்தார். "ஒரே ஒரு ஆளுக்காக ரயில் நிக்குமாய்யா?"

பிளாட்பாரமே சிரித்தது. அனலேந்தி ஒரு பிடி மணலை அள்ளி வீசினான். "ஒரே ஒரு ஆளுக்காக இங்கே ரயில் நின்று அவனை ஏற்றிக்கொள்ளும் நாள்வரை, ஊரோடு கௌதாரியாகத் திரியுங்கள்!"

ஊரே கௌதாரியானது. ஆளில்லாத ஊருக்கு ரயில் எதற்கு? ரயில் வருவது நின்றது. தண்டவாளத்தை மணல் மூடியது. பக்கத்தில் நெடுஞ்சாலை போட்டார்கள். லாரிகள் நிற்காமல் பறந்தன. மாயாவி மட்டும் ஸ்டேஷனில் தனியாகக் குடியிருந்தான். யாராவது எட்டிப் பார்த்தால் மணற்காற்றை ஏவித் துரத்துவான். இப்படிப் பன்னிரண்டு வருஷம் போனது.

அந்தச் சாலையில் உப்பு லாரி ஓட்டியவள் செண்பகவடிவு. அவள் அக்கா பவளக்கொடி சுடர்ப்பாலையில் ரயில்வே கேட் கீப்பர். ஊரோடு காணாமல் போனவள். அந்த வழியாகப் போகும்போதெல்லாம் ஹாரனை அழுத்தி, "அக்கா!" என்று ஒரு குரல் கொடுத்துவிட்டுத்தான் செண்பகவடிவு போவாள்.

ஒருநாள் அப்படிக் கூப்பிட்டதும் ஒரு கௌதாரி நடுரோட்டில் வந்து நின்றது. ஹாரன் அடித்தாள், நகரவில்லை. கை தட்டினாள், நகரவில்லை. இறங்கி வந்தாள். கௌதாரி அவள் சேலையைக் கொத்தி இழுத்துக்கொண்டு கொட்டகைக்குள் ஓடியது.

உள்ளே துருப்பிடித்த எஞ்சின் ஒன்று. "வந்துட்டியா தாயி? அது உன் அக்காதான்" என்றது. நடந்ததை எல்லாம் சொன்னது.

அக்கா என்றதும் அவளுக்குக் கண் நிறைந்தது. கௌதாரியை அள்ளித் தோளில் வைத்துக்கொண்டாள். "சரி, கிளம்புங்க தாத்தா. ரயிலை நிறுத்திக் காட்டலாம்."

"யாருக்காக நிறுத்துவே? ஏற இங்கே ஒரு மனுஷன் இல்லையே."

"ஒருத்தர் இருக்கார்" என்றாள். "பன்னிரண்டு வருஷமா ஸ்டேஷன்ல உட்கார்ந்திருக்கார்."

லாரியில் இருந்த குடிதண்ணீரை எல்லாம் எஞ்சினுக்கு ஊற்றினாள். உடைமரக் கிளைகளை வெட்டி நெருப்பு மூட்டினாள். பவளக்கொடி ஒரு குரல் கொடுக்க, ஆயிரம் கௌதாரிகள் வந்து காலால் கிளறிக் கிளறித் தண்டவாளத்து மணலைத் தள்ளின.

"எனக்கு டிரைவர் வேணுமே?" என்றது எஞ்சின்.

"வளைஞ்ச ரோட்டுல பத்து டன் உப்பை ஓட்டுறவ நான். உங்களுக்கு நேர்ப்பாதைதானே?"

எஞ்சின் கிளம்பியது. மாயாவி மணற்காற்றை ஏவினான். கண் தெரியவில்லை. "போகலாமா தாயி?" "போங்க தாத்தா!"

தண்டவாளத்தில் ஒரு பெரிய ஏரி அலையடித்தது. "போகலாமா தாயி?" "கானல் நீர். போங்க தாத்தா!"

கடைசியாக, பவளக்கொடியே தண்டவாளத்தில் நின்று, "தங்கச்சி, என்னைக் கொன்னுடாதே!" என்று அழுதாள். செண்பகவடிவு தோளைத் தொட்டுப் பார்த்தாள். கௌதாரியின் நெஞ்சு படபடவென்று அடித்துக்கொண்டிருந்தது. "போகலாமா தாயி?" "என் அக்கா என்கிட்டதான் இருக்கா. போங்க தாத்தா!" அந்த உருவம் புகையாகக் கலைந்தது.

பிளாட்பாரம் வந்தது. அனலேந்தி சடை விரித்து நின்றிருந்தான். செண்பகவடிவு பிரேக்கை இழுத்தாள். ரயில் நின்றது.

"ஏன் நிறுத்தினாய்?" என்று சீறினான்.

"உங்களுக்காகத்தான். எங்கே போகணும்?"

அவனிடம் இதுவரை யாரும் அதைக் கேட்டதில்லை. உயர்த்திய கை தானாகக் கீழே இறங்கியது.

"ஆழியூருக்கு" என்றான் மெதுவாக. "மகளுக்குக் கல்யாணம். தாலி எடுத்துக் கொடுக்க ஓடிவந்தேன்."

"கல்யாணம் முடிஞ்சிருக்கும். மகள் இருப்பாங்க இல்லையா? ஏறுங்க."

"இந்த மணலைத் தாண்டினால் என் மந்திரம் பலிக்காது அம்மா."

"மகளைப் பார்க்க மந்திரம் எதுக்கு?"

அவன் பழைய மூட்டையைத் தூசி தட்டி எடுத்தான். பிறகு படியில் கால் வைத்தான்.

அவ்வளவுதான்! கௌதாரிகள் எல்லாம் மனிதர்களாக எழுந்து மண்ணை உதறினார்கள். தோளில் இருந்தது திடீரென்று கனக்க, அக்காவும் தங்கையும் விறகுக் குவியல்மேல் விழுந்தார்கள்.

"ஹாரன் அடிச்சே என் காதைக் கிழிச்சிட்டியேடி!" என்று பவளக்கொடி அழுதுகொண்டே தங்கையைக் கட்டிக்கொண்டாள்.

ஸ்டேஷன் மாஸ்டர் மாயாவியின் எதிரே வந்து நின்றார். "சிரிச்சது தப்பு. ஒரு நிமிஷம் நிறுத்தியிருக்கலாம்." அனலேந்தியும் தலை குனிந்தான். "அந்த ஒரு நிமிஷத்துக்கு நானும் பன்னிரண்டு வருஷம் எடுத்துக்கொண்டேன், அதிகம்தான்."

சுடர்ப்பாலையில் மறுபடி அடுப்பு புகைந்தது. லாரிகள் சாப்பாட்டுக்கு நின்றன. ஊர்க்காரர்கள் கூடிப் பேசி அந்த எஞ்சினைச் செண்பகவடிவிடமே கொடுத்தார்கள்.

அவள் ஓட்டிய முதல் ரயில் ஆழியூருக்குத்தான். மந்திரம் போன கிழவனாக அனலேந்தி ஒரு வீட்டு வாசலில் தயங்கி நின்றான். கதவைத் திறந்தாள் மகள்.

"ஏன்ப்பா இவ்வளவு நேரம்?" என்றாள். "கை கால் கழுவிட்டு வாங்க. சோறு ஆறுது."