நெற்றியில் விழுந்த ஆய்த எழுத்து

ஒரு காட்டில், அதாவது ஏரிக்கரையை ஒட்டி மருதமரங்கள் நிற்கிற ஒரு காட்டில், புள்ளிமான் கூட்டம் ஒன்று மேய்ந்து வந்தது, குழந்தைகளே. அந்தக் கூட்டத்தில் மருளி என்று ஒரு தாய்மான். நல்லவள்தான். ஒரே ஒரு குறை, நாலு பேர் என்ன சொல்வார்களோ என்கிற பயம். புல்லைக்கூட, மற்றவர்கள் எதைக் கடிக்கிறார்கள் என்று பார்த்துவிட்டுத்தான் கடிப்பாள்.

அவளுக்கு ஒரு குட்டி. பேர் துள்ளன். பால் மறந்து அப்போதுதான் புல் கடிக்கத் தொடங்கியிருந்தான். பேருக்கு ஏற்ற பிள்ளை, ஒரு நிமிடம் ஓரிடத்தில் நிற்கமாட்டான்.

அதே காட்டில் ஒரு முள்ளம்பன்றியும் இருந்தது. பக்கத்து ஊர்ப் பள்ளிக்கூடத்துத் தோட்டத்தில் மரவள்ளிக் கிழங்கு தோண்டப் போன இடத்தில், சுவருக்கு அந்தப் பக்கம் பிள்ளைகள் எழுத்துப் படிப்பதை அது ஒட்டுக்கேட்டு வந்திருந்தது. கேட்டது அரைகுறை. அதை வைத்துக்கொண்டு பெரிய தத்துவமே கட்டிவிட்டது. உலகத்தில் நடப்பதெல்லாம் எழுத்தால்தான் நடக்கிறதாம். ஆமை முதுகில் கட்டம் எழுதியிருக்கிறது, கட்டம் என்றால் வீடு, அதனால்தான் ஆமை வீட்டைச் சுமக்கிறதாம். புலியின் உடம்பு முழுக்கக் கோடு போட்டு அடித்திருக்கிறது, அதனால்தான் அதைக் கண்டால் எல்லாரும் விலகி ஓடுகிறார்களாம். முதுகு நிறைய எழுத்தாணி செருகியதுபோல முள்ளைச் சிலிர்த்துக்கொண்டு அது பேசும்போது, எதிர்த்துக் கேட்க யாருக்கும் வாய் வரவில்லை.

ஒரு நாள் காலை துள்ளன் மருதமரத்தடியில் தூங்கி எழுந்து வந்தான். நெற்றியில் வெள்ளையாக மூன்று புள்ளி. மேலே ஒன்று, கீழே இரண்டு.

புள்ளிமானுக்குப் புள்ளி ஓர் அதிசயமா? யாரும் திரும்பிக்கூடப் பார்த்திருக்கமாட்டார்கள். முள்ளம்பன்றி பார்த்துவிட்டது.

"இது ஆய்த எழுத்து," என்றது. "எந்த எழுத்தோடும் ஒட்டாது, தனியாகத்தான் நிற்கும். இதை நெற்றியில் வாங்கினவனும் தனியாகத்தான் நிற்கவேண்டும். அவனைத் தொட்டவர்களுக்கும் இதே எழுத்து ஒட்டிக்கொள்ளும்."

கூட்டம் பின்வாங்கியது. துள்ளனுக்கு ஒன்றும் புரியவில்லை. வழக்கம்போல அம்மாவிடம் போய் முகத்தை நீட்டினான். மான்கள் குட்டியை நக்கித்தான் கொஞ்சும், தெரியுமல்லவா? மருளி நாக்கை நீட்டினாள். நீட்டினவள் சுற்றிலும் பார்த்தாள். எல்லார் கண்ணும் அவள்மேல்தான் இருந்தது. நாக்கை உள்ளே இழுத்துக்கொண்டாள்.

அன்றிலிருந்து துள்ளன் புதர் ஓரத்தில் தனியாகப் படுத்தான். தனியாகக் கிடக்கும் குட்டியைச் செந்நாய் விட்டுவைக்காது என்று மருளிக்குத் தெரியும். தெரிந்தும் கூட்டத் தலைவரிடம் அவள் ஒரு வார்த்தை பேசவில்லை. பிள்ளை கூப்பிட்டால் காது மட்டும் அந்தப் பக்கம் திரும்பும், கால் திரும்பாது. எல்லாம் என் தலையெழுத்து என்று பெருமூச்சு விடுவாள். கேட்டீர்களா கதையை? குட்டி புதருக்குள் நடுங்குகிறது, தலையெழுத்து இவளுக்காம்!

முதலில் சில நாள் துள்ளன் அழுதான். பிறகு அழுகை நின்றது, துள்ளுவதும் நின்றது. பழகிக்கொண்டான் என்று மருளி நினைத்துக்கொண்டாள்.

ஒரு மத்தியானம் கோடைமழை பிடித்துக்கொண்டது. மான்கள் எல்லாம் மருதமரத்தடிக்கு ஓடின. வளைக்குள் தண்ணீர் புகுந்துவிட்டதால் முள்ளம்பன்றியும் அங்கே வந்து ஒண்டியது. துள்ளன் மட்டும் வெட்டவெளியில் நனைந்துகொண்டு நின்றான். உள்ளே வா என்று யாரும் சொல்லவில்லை. மருளியும் சொல்லவில்லை.

மரத்தில் கொக்குகளும் ஒதுங்கியிருந்தன. அதில் ஒன்று சொட்டென்று கூட்டத் தலைவரின் நெற்றியில் எச்சம் போட்டது. வெள்ளையாக ஒரு புள்ளி. அடுத்தது முள்ளம்பன்றியின் மூக்கில் விழுந்தது.

சின்னக் குட்டிகள் சிரித்தன. மருளிக்குச் சிரிப்பு வரவில்லை. அண்ணாந்து கிளையைப் பார்த்தாள். அன்றைக்குத் துள்ளன் தூங்கியதும் இதே மரத்தடியில்தான். பிறகு மழையில் நிற்கிற பிள்ளையைப் பார்த்தாள். அவன் நெற்றியில் ஒரு புள்ளியும் இல்லை.

கொக்கு எச்சம்! ஒரு கொக்கின் எச்சத்துக்காகப் பெற்ற பிள்ளையைப் புதரில் போட்டிருக்கிறாள். அன்றைக்கே ஒரு தடவை, ஒரே ஒரு தடவை நக்கியிருந்தால் எழுத்தும் போயிருக்கும், முள்ளம்பன்றியின் தத்துவமும் போயிருக்கும். மருளிக்கு உடம்பெல்லாம் கூசியது. நாலு பேர் பார்க்கிறார்களே என்கிற வெட்கம் அவளுக்குப் பழக்கம். இப்போது அவளை யாருமே பார்க்கவில்லை, எல்லாரும் தலைவரின் நெற்றியைத்தான் பார்த்துக்கொண்டிருந்தார்கள். அப்படியும் அவளால் தலையை நிமிர்த்த முடியவில்லை.

முள்ளம்பன்றி மூக்கைத் தேய்த்துக்கொண்டே, இது வேறு வகை எழுத்து என்று ஏதோ ஆரம்பித்தது. அவள் நின்று கேட்கவில்லை. மழையில் இறங்கி ஓடினாள்.

அவள் வருவதைப் பார்த்ததும் துள்ளன் பின்னால் நகர்ந்தான்.

"கிட்ட வராதேம்மா. உனக்கும் ஒட்டிக்கும்."

"ஒட்டாதுடா கண்ணு. உன் நெத்தியில ஒண்ணுமே இல்ல. அது வெறும் கொக்கு எச்சம், மழையில போயிடுச்சு."

துள்ளன் அவளையே பார்த்தான். கோபமாகப் பார்க்கவில்லை. பாவம், தெரியாமல்தான் கேட்டான்.

"ஒண்ணும் இல்லைன்னா, இத்தனை நாளா நீ ஏம்மா வரல?"

மருளி தலை குனிந்தபடியே ஓர் அடி எடுத்து வைத்தாள். துள்ளனும் ஓர் அடி பின்னால் வைத்தான்.

நீதி: பிள்ளையைப் பற்றி ஊர் சொல்வதைப் பெற்றவள் நம்பினால், பிள்ளையும் அதையே நம்பிவிடும்.