பொக்கிஷதாரின் மீசைக்கு என்ன விலை?

செங்கழனி நாட்டை உத்தமராயன் என்று ஒரு ராஜா ஆண்டுவந்தார். நல்ல மனிதர். ஆனால் பணப்பை தூக்குவது அவருக்குப் பிடிக்காது. ஒரு தேர்த் திருவிழாவில் இடுப்பில் கட்டியிருந்த பை பாரம் தாங்காமல் அவிழ்ந்து விழுந்தது. கூடவே பட்டு வேட்டியும் போய்விட்டது. ஊரே குனிந்து தரையைப் பார்த்தது.

மறுநாளே உத்தரவு போட்டார். "காசைத் தொடாமல் செலவு செய்ய ஒரு வழி வேண்டும்."

பொக்கிஷதார் கனகசபாபதி வழி கண்டுபிடித்தார். அவர் பெரிய மீசைக்காரர், அதைவிடப் பெரிய ஆசைக்காரர். உள்ளங்கை அகலத்தில் ஒரு பித்தளை வில்லை செய்தார். முதலில் கருவூலத்தில் பணம் கட்ட வேண்டும். வில்லையில் பெயர் பொறித்துத் தருவார்கள். ரகசியச் சொல் ஒன்றைக் கருவூலத்தார் காதில் சொல்லிவைக்க வேண்டும். பாதி ஊர் "முருகா" என்றே சொல்லிவைத்தது. அப்புறம் கடையில் வில்லையைக் காட்டினால் போதும், கருவூலம் அந்தப் பணத்தைக் கடைக்காரருக்குக் கொடுத்துவிடும். தீர்ந்துபோனால் மறுபடி பணம் கட்டி நிரப்பிக்கொள்ளலாம்.

ராஜா மகிழ்ந்துபோனார். நகரத்தில் எல்லோரும் வில்லை வாங்க வேண்டும் என்று பறையறைந்தார்கள்.

பொக்கிஷதார் சும்மா இருப்பாரா? விதிகளுக்கு நடுவில் ஒன்றைச் செருகி, ராஜாவிடம் முத்திரையும் வாங்கிவிட்டார். "வில்லையின் இருப்பைக் கேட்பவர், பதில் சொல்பவருக்கு ஒரு பணம் தர வேண்டும்." பதில் சொல்லும் வேலையை அவர் வேறு யாருக்கும் விடவில்லை.

பூக்காரி செண்பகம் பசுமாடு வாங்குவதற்காக இருபது பணம் கட்டியிருந்தாள். ஒருநாள் கருவூல வாசலுக்கு வந்தாள்.

"ஐயா, என் வில்லையில எவ்வளவு இருக்கு?"

"பத்தொன்பது."

"இருபது கட்டினேனே ஐயா."

"இப்போது கேட்டாயே, அதற்கு ஒன்று எடுத்துக்கொண்டேன்."

"அப்போ பத்தொன்பது இருக்கா?"

"பதினெட்டு."

"பதினெட்டா?"

"பதினேழு."

இப்படியே பதினான்குக்கு வந்துவிட்டது. வரிசையில் பின்னால் நின்றிருந்த அம்பலக்கூத்தன் அவளைப் பிடித்து நிறுத்தினார். அவர் ராஜசபையில் இருப்பவர். பேசியே பிழைப்பவர்.

"பேசாம வாம்மா. இன்னும் நாலு வார்த்தை பேசினா மாட்டோட கயிறுதான் மிஞ்சும்."

செண்பகம் அழுதாள். கூத்தர் நேராக ராஜாவிடம் போய்ச் சொன்னார்.

"முத்திரை வைத்துவிட்டேனே கூத்தா," என்று ராஜா தலையைச் சொறிந்தார்.

அருகில் நின்றிருந்த பொக்கிஷதார் மீசையை முறுக்கினார். "விதியில் ஓர் எழுத்தையும் மாற்றாமல் அந்த ஆறு பணத்தை இவர் மீட்டுக் கொடுக்கட்டும் பிரபு. நாளைக்குள் முடியாவிட்டால் ஒரு வருஷம் சபையில் வாயைத் திறக்கக் கூடாது."

ஒரு வருஷம் பட்டினி என்றால்கூடக் கூத்தர் சமாளித்துவிடுவார்; பேசாமல் இருப்பதுதான் முடியாது. ஆனாலும் சரி என்றார்.

மறுநாள் சபைக்குப் புத்தம்புது வில்லையோடு வந்தார். கூடவே, அதில் கட்டிய பணத்தையெல்லாம் முன்கூலியாக வாங்கிக்கொண்ட ஒரு நாவிதர்.

"ஐயா பொக்கிஷதாரே, உங்கள் மீசை விலைக்கு வருமா?"

சபை சிரித்தது. பொக்கிஷதாருக்குக் கோபம் வந்தாலும் கெத்தை விடவில்லை. "ஆயிரம் பணம். வாங்க முடியுமா உம்மால்?"

"முடிந்தது வியாபாரம். நாவிதரே, ஆரம்பியுங்கள்."

நாவிதர் கத்தியைத் தீட்டிக்கொண்டே நெருங்கினார். பொக்கிஷதார் மீசையை இரண்டு கையாலும் பொத்திக்கொண்டார்.

"நில்லும்! உம் வில்லையில் ஆயிரம் பணம் இருக்கிறதா?"

"இல்லை," என்றார் கூத்தர். பொக்கிஷதார் மூச்சு விட்டார். கூத்தர் கையை நீட்டினார். "இருப்பைக் கேட்டீர்கள், பதில் சொன்னேன். ஒரு பணம் கொடுங்கள்."

"அது ஜனங்களுக்குப் போட்ட விதி!"

ராஜா விதி எழுதிய ஓலையை வாங்கிப் படித்தார். "கேட்பவர் என்றுதானே எழுதியிருக்கிறீர். கொடும் ஐயா."

வேறு வழியில்லை. பணம் கைமாறியது. பக்கத்தில் நின்ற கணக்கர் அதைக் கூத்தரின் வில்லைக் கணக்கில் ஏற்றினார்.

"ஆயிரம் இல்லாமல் மீசைக்கு விலை பேசினீரா? அதில் எவ்வளவுதான் இருக்கிறது?" என்று பொக்கிஷதார் சீறினார்.

"ஒரு பணம்."

"ஒன்றுதானா?"

"இல்லை, இப்போது இரண்டு."

"இரண்டா?"

"மூன்று."

பொக்கிஷதாருக்குத் தலை சுற்றியது. "ஒழுங்காகச் சொல்லும்! முடிவாக எவ்வளவு இருக்கிறது?"

"நான்கு. இதற்கும் சேர்த்துக் கொடுத்துவிடுங்கள், ஐந்தாகிவிடும்."

அப்போதுதான் பொக்கிஷதாருக்கு உறைத்தது. மீசையைப் பொத்தியிருந்த கையைச் சட்டென்று இறக்கி வாயைப் பொத்திக்கொண்டார். கண்ணை உருட்டினார், காலை உதைத்தார். கூத்தர் காத்திருந்தார். கெஞ்சும் முகத்தோடு பார்த்தார். ம்ஹூம்.

ராஜாவுக்கு ஆவல் தாங்கவில்லை. சிம்மாசனத்தின் நுனிக்கே வந்துவிட்டார்.

"கூத்தா, இப்போது உன் வில்லையில் எவ்வளவு இருக்கிறது?"

கூத்தர் திரும்பி, பணிவாகக் கும்பிட்டார்.

"ஐந்துதான் மகாராஜா. செண்பகத்துக்கு ஒன்று குறைகிறதே என்று கவலைப்பட்டுக்கொண்டிருந்தேன். நல்லவேளை, தாங்களே கேட்டுவிட்டீர்கள்."

ராஜா ஒரு கணம் விழித்தார். பிறகு வயிறு குலுங்கச் சிரித்தார். சிரித்தபடியே மோதிரத்தைக் கழற்றிக் கூத்தருக்குக் கொடுத்தார். ஆறாவது பணத்தையும் கணக்கரிடம் எண்ணி வைத்தார்.

"அந்த விதியை இப்போதே அழித்துவிடுங்கள்," என்றார். "இவன் வீட்டுக்குப் போகும்போது வழியில் நாலு பேர் வில்லையின் இருப்பை விசாரித்தால், நாளைக்கு இவன்தான் இங்கே ராஜா."