எட்டரை மணி நாடகத்துக்கு இசை

மி-ஓக் கணினித் திரைக்கு முதுகைக் காட்டித் தரையில் உட்கார்ந்து, சமையலுக்கு முளைப்பயறின் வாலைக் கிள்ளிக்கொண்டிருந்தாள். சியோல் நகரில், காலை எட்டரை மணி டிவி தொடருக்கு இசை போடுகிறவள். வயது முப்பத்திநாலு. வீடும் வேலையும் அந்த ஒரே அறையில்தான்.

அவளிடம் தொழில் கற்க வந்திருந்த ஹ்யோங்-சிக்குக்கு வயது ஐம்பத்திரண்டு. இருபது வருஷம் பெரிய பெரிய அரங்குகளில் வாசிக்கிற இசைக்குழுவுக்கு எழுதியவர். குழு கலைந்ததும் இங்கே வந்து சேர்ந்தார். ஒரு காட்சிக்கு அவர் போட்ட இசையை இயக்குநர் இரண்டு தடவை திருப்பி அனுப்பிவிட்டார். மூன்றாவது இன்று மத்தியானத்துக்குள் போகவேண்டும். அதுவும் தேறாவிட்டால் வேறு ஆள்.

"டீச்சர், கொஞ்சம் திரும்பிப் பாருங்களேன்," என்றார். தன்னைவிடச் சின்னவளை அப்படிக் கூப்பிட அவருக்கு இன்னும் நாக்கு கூசத்தான் செய்தது.

"நீங்க போடுங்கய்யா. காது தொறந்துதானே இருக்கு."

காட்சி ஓடியது. கைக்குழந்தையாய் விட்டுப்போன மகளைப் பார்க்க, பதினேழு வருஷம் கழித்து ஒரு தாய் வருகிறாள். மகள் வேலை செய்கிற சலவைக்கடை வாசலில் நிற்கிறாள். உள்ளே போகக் கால் வரவில்லை. ஹ்யோங்-சிக் கணினியில் சேர்த்திருந்த பன்னிரண்டு வயலின்களும் ஒன்றாக எழும்பின.

மி-ஓக் அடுத்த பயறை எடுத்தாள்.

"எப்படி டீச்சர்?"

"எட்டரை மணிக்கு யாருய்யா உக்காந்து டிவி பாக்கிறா? ஒருத்தி பாத்திரம் கழுவுவா. ஒருத்தி பிள்ளைக்குச் சோறு ஊட்டுவா. எல்லாரும் என்னை மாதிரி முதுகைக் காட்டிக்கிட்டுத்தான் இருப்பாங்க."

"அப்போ சமையல்கட்டு வரைக்கும் கேக்கணும்," என்றார் அவர். ஊதுகுழல்களையும் முரசையும் சேர்த்து மறுபடி ஓடவிட்டார். சன்னல் கண்ணாடி அதிர்ந்தது.

"யாரு வந்திருக்கா?" என்று கேட்டாள் மி-ஓக்.

"அம்மா வந்திருக்காங்க. மகளைப் பாக்க."

"அப்படியா? எனக்கு நீங்க வந்தது மட்டுந்தான் கேட்டுது."

ஹ்யோங்-சிக்கின் முகம் சுருங்கிப்போனது. இந்த மாதிரி இசைக்குத்தான் அரங்கில் ஜனம் எழுந்து நின்று கைதட்டியது. கோபம் வந்தது. போய்விடலாமா என்றுகூட இருந்தது. எங்கே போவது?

வேறு வழியில்லாமல், இசையை நிறுத்திவிட்டுப் படத்தை மட்டும் பார்த்தார். அந்தத் தாய் கதவைத் தட்டக் கையைத் தூக்குகிறாள். தட்டவில்லை. தூக்கிய கையால் தலைமுடியை ஒதுக்கிக்கொள்கிறாள். ஐம்பது தடவை ஓட்டியிருப்பார், இதைப் பார்த்ததே இல்லை.

வயலின்களை நீக்கினார். ஊதுகுழலை நீக்கினார், முரசை நீக்கினார். ஒரு பியானோ மட்டும் வைத்தார். கை மேலே போகும்போது இரண்டே இரண்டு ஸ்வரம். முடி ஒதுக்கும்போது அதுவும் இல்லை.

ஓடவிட்டார். இரண்டு ஸ்வரம் கேட்டது. நின்றது.

பின்னால் பயறு கிள்ளும் சத்தம் நின்றிருந்தது. திரும்பினார். மி-ஓக் எப்போதோ திரையைப் பார்த்து உட்கார்ந்திருந்தாள்.

"இது பரவாயில்லையா டீச்சர்?"

"பேசாம இருங்கய்யா, அந்தம்மா என்னவோ சொல்ல வாயெடுக்கிறா, முதல்ல அதைக் கேக்கவிடுங்க."