பல் இல்லாத நரி மாமா

குளக்கரை மருதமரத்தில் மருதாயி என்று ஓர் அணில் இருந்தாள். குஞ்சுகளுக்கும் குட்டிகளுக்கும் படப் புத்தகம் செய்வதுதான் அவள் வேலை.

காய்ந்த தேக்கிலைகள்தான் பக்கங்கள். தையல்சிட்டு அவற்றை நாரால் தைத்துக் கொடுக்கும். மருதாயியின் வால் நுனிதான் தூரிகை. தேக்கின் கொழுந்தைக் கசக்கினால் சிவப்பு. நாவல் பழத்தைப் பிழிந்தால் ஊதா. கரித்துண்டை உரசினால் கறுப்பு.

அவள் படத்தில் யானை ஊஞ்சல் ஆடும். கிளை முறிந்து சேற்றில் தொப்பென்று விழும். ஆமை தன் ஓட்டைக் கழற்றி வெயிலில் காயப்போட்டுவிட்டு, எங்கே வைத்தோம் என்று ஊரெல்லாம் தேடும். குளத்து வாத்துக் குஞ்சுகள் அதைப் பார்த்துச் சிரித்துச் சிரித்துத் தண்ணீரில் குட்டிக்கரணம் போடும். மறுநாள் நிஜ ஆமை கரையேறி வந்தால், "ஓடு கிடைச்சிருச்சா மாமா?" என்று அக்கறையாக விசாரிக்கும்!

மருதாயிக்கு ஒரே ஒரு குறை. அவளிடம் மஞ்சள் நிறம் இல்லை.

"அத்தை! நான் மஞ்சளாத்தானே இருக்கேன்? என்னை ஏன் கறுப்பா வரைஞ்சிருக்கீங்க? காக்காக் குஞ்சு மாதிரி இருக்கு!" என்று பொட்டு சிணுங்கும். வாத்துக் குஞ்சுகளில் அதுதான் கடைக்குட்டி.

"மஞ்சள் கிடைக்கட்டும் கண்ணு! ஒரு பக்கம் முழுக்க உன்னையே வரையறேன்!" என்பாள் மருதாயி.

காட்டு மஞ்சள், குளத்தை அடுத்த பள்ளத்துக்கு அந்தப் பக்கம்தான் முளைத்தது. அங்கேதான் நரியின் குகையும் இருந்தது. அதனால் யாரும் போவதில்லை.

அந்த நரிக்கும் ஒரு குறை இருந்தது. அதன் நிழல் கரையில் விழுந்தாலே போதும், குஞ்சுகள் தண்ணீருக்குள் பாய்ந்துவிடும். நரி வெறும் வயிற்றோடு திரும்பும். ஒரு நாள் புதருக்குள் படுத்தபடி, குஞ்சுகள் ஆமையிடம் ஓட்டைப் பற்றி விசாரிப்பதை அது கேட்டது.

"அட! படத்தில் பார்த்ததையெல்லாம் இதுகள் அப்படியே நம்புதே!" என்று நாக்கைச் சப்புக்கொட்டியது.

மறுநாள் காலையில் மருதமரத்தடியில் வந்து நின்றது. அதன் வாயில் மண் உதிராத மஞ்சள் கிழங்கு ஒரு கொத்து இருந்தது. கிழங்கை மெதுவாகக் கீழே வைத்தது.

"மருதாயி அக்கா, சௌக்கியமா? இதெல்லாம் உங்களுக்குத்தான்!"

மருதாயி உச்சிக் கிளையிலிருந்து எட்டிப் பார்த்தாள். உடைந்த கிழங்கின் உள்ளே மஞ்சள் பளபளத்தது. அவளுக்கு மூச்சே நின்றுவிட்டது.

"எனக்கா? எதுக்கு?"

"சும்மாதான் அக்கா. பதிலுக்கு என்னைப் பற்றி ஒரு புத்தகம் போடுங்க. என்னைப் பார்த்தாலே பிள்ளைகள் ஓடுதுக. மனசுக்குக் கஷ்டமா இருக்கு! நான் அதுகளை முதுகில் ஏத்திக்கிட்டுப் போய் விருந்து வைக்கிற மாதிரி வரைங்க. அப்புறம் ஒரு சின்ன விஷயம். பல் வேண்டாம்!"

"உங்களுக்குப் பல் இருக்கே?"

"படம்தானே அக்கா! யானை ஊஞ்சலா ஆடுது? ஆமை ஓட்டையா கழற்றுது?"

மருதாயி ஒரு கிளை கீழே இறங்கினாள். ஏதோ சரியில்லை என்று மட்டும் தோன்றியது. ஆனால் கண் மஞ்சளைவிட்டு நகரவே இல்லை. பொட்டுவை அதன் சொந்த நிறத்திலேயே வரையலாம். சூரியனை வரையலாம். கொன்றைப் பூவை வரையலாம்!

"சரி, வரையறேன்" என்றாள்.

புத்தகம் அழகாக வந்தது. அவள் செய்ததிலேயே அதுதான் அழகு. படத்து நரிக்கு உருண்டையாக, சிவப்பாக, பல்லே இல்லாத ஒரு பொக்கை வாய். அதன் முதுகில் மஞ்சள் மஞ்சளாகக் குஞ்சுகள். குகை வாசலில் பழங்கள் குவிந்து கிடந்தன.

"நான்! நான்! இது நான்தான்!" என்று பொட்டு குதித்தது.

குஞ்சுகளின் தாய் அல்லிக்கண்ணு படத்தை ஒரு கணம் உற்றுப் பார்த்தாள். பிறகு, "மருதாயி வரைஞ்சா நல்லதாத்தான் இருக்கும்" என்று சொல்லிவிட்டு மீன் பிடிக்கப் போனாள். அந்தச் சொல் மருதாயியின் நெஞ்சில் முள்ளாகத் தைத்தது. இருந்தாலும் அவள் வாயைத் திறக்கவில்லை.

குஞ்சுகளுக்கு நரி மாமாதான் எல்லாம் என்றாகிவிட்டது. சாப்பிடும்போதும் நரி மாமா, நீந்தும்போதும் நரி மாமா!

நரி பொறுமையாகக் காத்திருந்தது. பிறகு ஒரு நாள் அல்லிக்கண்ணு அக்கரைக்குப் போன நேரம் பார்த்துக் குளத்துக்கு வந்தது. அதன் நிழல் கரையில் விழுந்தது.

குஞ்சுகள் தண்ணீருக்குள் பாயவில்லை. தண்ணீரைவிட்டு வெளியே வந்தன!

"நரி மாமா! நரி மாமா!"

கரையோரத் தேக்கு மரத்தில் கொழுந்து பறித்துக்கொண்டிருந்த மருதாயி திரும்பிப் பார்த்தாள். அவள் கையிலிருந்த கொழுந்து கீழே விழுந்தது.

"ஓடுங்க! எல்லாரும் தண்ணிக்குள்ள ஓடுங்க!" என்று கத்தினாள்.

குஞ்சுகள் நிமிர்ந்து பார்த்துச் சிறகை ஆட்டின. "அத்தை, நரி மாமா வந்திருக்கார்! நாங்க விருந்துக்குப் போறோம்!"

'ஐயோ! நான் வரைந்ததைத்தானே இதுகள் நம்புது! நான் சொன்னால்கூட இப்போது கேட்காதே!' மருதாயி பதறிக்கொண்டு மரத்திலிருந்து தலைகீழாக இறங்கினாள். நரி முன்னங்காலை மடக்கி முதுகைத் தாழ்த்தியது. பெரிய குஞ்சு குண்டன் ஒரு காலைத் தூக்கி வைத்துவிட்டது.

பாதி மரத்தில் மருதாயி சட்டென்று நின்றாள். ஓடு என்றால் ஓடமாட்டார்கள். ஆனால் அந்தப் படத்தின் ஒவ்வொரு கோடும் அவர்களுக்கு மனப்பாடம்!

"பொட்டு!" என்று கூவினாள். "அவர் நம்ம நரி மாமாதானா? வேற யாராவதா? வாயைத் திறக்கச் சொல்லிப் பாரு!"

பொட்டுவுக்கு அது நல்ல விளையாட்டாகத் தோன்றியது. "மாமா, ஆ காட்டுங்க!"

"ம்ஹும்" என்றது நரி, உதட்டை இறுக்கிக்கொண்டு.

"ஆ காட்டுங்க! ஆ காட்டுங்க!" எல்லாக் குஞ்சுகளும் சுற்றி நின்று ஆடத் தொடங்கின. குண்டன் ஏறிய காலை இறக்கிவிட்டு அதுவும் ஆடியது.

நரிக்கு எச்சில் ஊறியது. விழுங்கிக்கொண்டது. "எனக்கு வாய் வலி" என்று பல்லைக் கடித்தபடி முனகியது.

"பொய்! படத்துல நீங்க எப்பவும் ஆன்னுதானே இருப்பீங்க!" பொட்டு கிட்டே போய் நரியின் மூக்கருகே சிறகைப் படபடவென்று அடித்தது. மஞ்சள் பஞ்சு பறந்து நரியின் மூக்குக்குள் போனது. நரி மூக்கைச் சுருக்கியது. கண்ணை மூடியது. அடக்கிப் பார்த்தது.

"ஆ... ஆ... அச்ச்ச்!"

வாய் அகலமாகத் திறந்தது. மேலேயும் கீழேயும் வெள்ளை வெளேரென்று கூரான பற்கள்!

"பல்லு!" என்று பொட்டு அலறியது. "நரி மாமாவுக்குப் பல்லே கிடையாது! இது வேற யாரோ!"

"வேற யாரோ! வேற யாரோ!"

குஞ்சுகள் திரும்பி ஓடின. நரி பாய்ந்தது. மருதாயி மரத்திலிருந்து அதன் முகத்தின் மேலேயே குதித்து கண்ணுக்கு நடுவே பிறாண்டினாள். நரி தலையை உதறி அவளைத் தூக்கி எறிவதற்குள் கடைசிக் குஞ்சும் தண்ணீருக்குள் போய்விட்டது. ஓடிய வேகத்தில் நரி கரைச் சேற்றில் வழுக்கி, கழுத்துவரை புதைந்தது. கத்தல் கேட்டு அல்லிக்கண்ணு சிறகடித்து வந்தாள். வந்த வேகத்தில் நரியின் தலையில் ஓங்கி ஒரு கொத்து! நரி எப்படியோ சேற்றிலிருந்து விடுபட்டு, திரும்பிப் பார்க்காமல் ஓடியது.

அல்லிக்கண்ணு குஞ்சுகளை ஒவ்வொன்றாக அலகால் தொட்டுப் பார்த்தாள். மறுபடியும் தொட்டுப் பார்த்தாள். எல்லாம் இருந்தன. அதற்குப் பிறகுதான் அவளுக்கு மூச்சு வந்தது.

மருதாயி கரையில் உட்கார்ந்திருந்தாள். மஞ்சளுக்கு ஆசைப்பட்டதையும், நரி கேட்டபடி வரைந்ததையும் மறைக்காமல் சொன்னாள்.

"உன்னை நம்பித்தானே நான் அக்கரைக்குப் போனேன்!" என்றாள் அல்லிக்கண்ணு. குஞ்சுகளைச் சிறகுக்குள் இழுத்துக்கொண்டாள். கடைசியில், "அது மூஞ்சி மேல குதிச்சியே, அதனால சும்மா விடறேன்" என்றாள். மருதாயிக்கு அழுகையும் நிம்மதியும் ஒன்றாக வந்தன.

பொட்டு அவள் பக்கத்தில் வந்தது. "அத்தை, அப்போ உண்மையான நரி மாமா எங்கே இருக்கார்?"

"அப்படி யாரும் இல்லை கண்ணு. நான்தான் பொய்யா வரைஞ்சுட்டேன்."

பொட்டுவின் முகம் வாடிவிட்டது. "அப்போ ஊஞ்சல் ஆடுற யானை? அதுவும் பொய்யா?"

"அது விளையாட்டு. யானையைப் பார்த்துச் சிரிச்சுட்டு நீ வீட்டுக்கு வந்துடலாம். இந்த நரியோட போயிருந்தா வந்திருக்க முடியாது."

பொட்டு யோசித்தது. "சரி, ஆனா அது அச்சுன்னு தும்மிச்சே, அது நல்லா இருந்துச்சு!" என்றது. குண்டன் உடனே நரி மாதிரி மூக்கைச் சுருக்கித் தும்மிக் காட்டியது. குஞ்சுகள் தண்ணீரைத் தெறிக்கவிட்டுச் சிரித்தன. அல்லிக்கண்ணுவுக்கும் சிரிப்பை அடக்க முடியவில்லை.

பிள்ளைகளைச் சிரிக்கவைக்க எதை வேண்டுமானாலும் வரையலாம். ஆனால் அவர்களைக் கடிக்கப்போகும் பல்லை மட்டும் மறைத்து வரையக் கூடாது.