வார்டன் பக்கத்தில் நிற்கையில்

"மனசு அடங்க மாட்டேங்கும்மா. ஒரு மந்திரம் சொல்லிக் கொடுங்க."

மடத்து அம்மாவின் முன்னால் சம்மணமிட்டு உட்கார்ந்து மாசானம் கேட்டான். ஞாயிறு தவறாமல் வந்து அம்மாவின் பேச்சைக் கேட்டுப்போகும் சீடன்.

"மந்திரமா? தலைவலி மாத்திரை போதாதா? என்ன குறை உனக்கு?"

"குறை ஒண்ணும் இல்ல. மக செண்பகம் நூல் மில்லுல இருக்கா. அங்கேயே விடுதி. மூணு வருஷம் முடிஞ்சா கல்யாணத்துக்கு மொத்தமா ஒரு தொகை தருவாங்க."

"வயசு?"

"பதினஞ்சு. மில்லுக்குப் பதினெட்டுன்னு சொல்லியிருக்கு."

அப்படித்தான் நம் பிள்ளைகள் மில்லுக்குள் போகிறார்கள். பொய்யைச் சொல்லிக் கொடுக்க ஒரு தரகன் வருவான். தலையாட்ட ஒரு தகப்பன் இருப்பான்.

"மக பேசுதாளா?"

"வாராவாரம் பேசுதா. 'நல்லா இருக்கேம்ப்பா'ங்கா. வேற ஒரு வார்த்தை கிடையாது. வார்டனம்மா பக்கத்துலயே நிப்பாங்க. ஸ்பீக்கர்ல போட்டுத்தான் பேசணும். ரொம்பக் கண்டிப்பான இடம்மா."

அதைச் சொல்லும்போது அவனுக்குக் கொஞ்சம் பெருமைகூட.

அம்மா எழுந்தாள். ஊன்றுகோலின் நுனியை மாசானத்தின் கால் பெருவிரலில் வைத்து, உடம்பின் பாரத்தையெல்லாம் அதன்மேல் சாய்த்தாள்.

"சௌக்கியமா, மாசானம்?"

கூடத்தில் இருந்தவர்கள் எல்லாரும் பார்த்தார்கள்.

"சௌக்கியம்மா."

அம்மா இன்னும் அழுத்தினாள். நகம் கறுத்தது.

"நல்லா இருக்கியா?"

"நல்லா இருக்கேம்மா." கண்ணில் நீர் முட்டியது.

கோலை எடுத்துக்கொண்டாள்.

"வலிக்கலையா?"

"உசிரே போயிட்டுதும்மா."

"வாயத் தொறந்து சொல்றதுக்கென்ன?"

"நீங்க எதிர்ல நிக்கையில நான் எப்படிம்மா…"

பாதியில் நின்றது பேச்சு.

எழுந்தவன் செருப்பைக்கூடத் தேடவில்லை. நொண்டிக்கொண்டே பஸ் நிறுத்தத்துக்கு ஓடினான்.

மில் இருக்கும் ஊருக்குப் போகும் பஸ்ஸில் உட்கார்ந்திருந்தபோது ஃபோன் அடித்தது.

"அப்பா, என்ன வண்டிச் சத்தம்?"

"உன்னயக் கூட்டிட்டு…"

மறுமுனையில் யாரோ செருமினார்கள். மகள் இல்லை.

மாசானம் வாயைப் பொத்திக்கொண்டான். பிறகு கையை எடுத்தான்.

"சந்தைக்குப் போறேன், தாயி."

"சரிப்பா. நான் நல்லா இருக்கேம்ப்பா."

ஜன்னல் பக்கம் முகத்தைத் திருப்பிக்கொண்டான்.

"நானும் நல்லா இருக்கேன், தாயி" என்றான்.